பென்சில்வேனியா பிரைமரியில் ஓட்டுப் போட விடவில்லையா?

அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில், பிரைமரியில் (பொதுத்தேர்தலுக்கு முன் கட்சிகளின் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்க நடக்கும் தேர்தல்) உங்களை ஓட்டுப் போட விடவில்லை என்று எழுதியிருந்தீர்கள். உங்கள் ஓட்டுரிமை எங்கும் போகவில்லை, நவம்பர் பொதுத்தேர்தலில் தாராளமாகப் போடலாம். குடியுரிமை வாங்கி, பெயரைப் பதிந்தும் பிரைமரியில் திருப்பி அனுப்பினார்கள் என்றால், பெரும்பாலும் படிவத்தில் கட்சி எதையும் குறிக்காமல் விட்டிருப்பீர்கள். பென்சில்வேனியாவில் நடப்பது மூடிய பிரைமரி. ஒரு கட்சியின் வேட்பாளரை அந்தக் கட்சியில் பதிந்த வாக்காளர்கள் மட்டுமே தேர்ந்தெடுக்க முடியும்.

மாநிலத் தேர்தல் இணையதளத்தில் உங்கள் பதிவைத் தேடி, கட்சி என்ற இடத்தில் என்ன இருக்கிறது என்று பாருங்கள். மாற்ற வேண்டுமானால் பிரைமரிக்கு 15 நாள் முன்பே மாற்றிவிட வேண்டும். சந்தா, உறுப்பினர் அட்டை எதுவும் கிடையாது. நவம்பரில் வேறு கட்சிக்குப் போட்டாலும் யாரும் கேட்க மாட்டார்கள்.

'கட்சி விவகாரமான பிரைமரியை அரசு எதற்கு நடத்துகிறது?' என்றும் கேட்டிருந்தீர்கள். நியாயமான கேள்விதான். முன்பெல்லாம் வேட்பாளரைக் கட்சிப் பெருந்தலைகளே பேசி முடித்துவிடுவார்கள். அந்தப் பிடியைத் தளர்த்தத்தான் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் விஸ்கான்சின் போன்ற மாநிலங்கள் பிரைமரியைச் சட்டமாக்கின. அப்படியும் 1968-இல் அப்போதைய துணை அதிபர் ஹியூபர்ட் ஹம்ஃப்ரி ஒரு பிரைமரியிலும் நிற்காமலே டெமாக்ரடிக் கட்சியின் அதிபர் வேட்பாளர் ஆனார்! அதனால் கிளம்பிய கொந்தளிப்புக்குப் பிறகு, 1972 முதல்தான் அதிபர் வேட்பாளரைத் தீர்மானிப்பதில் பிரைமரியின் கை ஓங்கியது.

ஒன்று கவனம்: டெக்சாஸில் வாக்காளர்கள் கட்சியைப் பதியும் முறையே இல்லை, அங்கே நண்பர் யாராவது இருந்தால் அவர் அனுபவம் உங்களுக்குப் பொருந்தாது. அப்புறம், பிரைமரி நாளன்றே மக்கள் கருத்துக் கேட்பு (ஒரு முன்மொழிவுக்கு ஆம், இல்லை என்று ஓட்டுப் போடுவது) ஏதும் இருந்தால், கட்சி இல்லாதவர்களும் அதில் ஓட்டுப் போடலாம்.