அறுநூறு ரூபாய் கூடுதலும் 125 மாதமும்

கேள்வி: ஐயா, நான் போடிநாயக்கனூரில் தனியார் பள்ளி ஆசிரியை. வயது 37. வீட்டுக்காரருக்கு 43. மலைக்கு மேலே பூப்பாறை பக்கம் ஒரு ஏலத்தோட்டத்தில் கணக்கு பார்க்கிறார். இருவர் சம்பளமும் சேர்த்து 57,000. 2020 தொடக்கத்தில் வங்கியில் 25 லட்சம் வீட்டுக்கடன் வாங்கினோம். 8 சதவீத வட்டி, 20 வருடம், தவணை 20,900. 2021இல் கொழுந்தனார் தோட்டம் குத்தகைக்கு எடுக்க அதே வீட்டின் மேல் 4 லட்சம் டாப் அப் (கூடுதல் கடன்) வாங்கிக் கொடுத்தோம். அதற்குத் தவணை 3,400. 2024இல் நாத்தனார் கல்யாணத்துக்கு இன்னொரு டாப் அப், 6 லட்சம். தவணை 6,100. கொழுந்தனார் முதல் ஐந்தாறு மாதம் பணம் கொடுத்தார், அப்புறம் நின்றுபோனது. இப்போது மறுபடி குத்தகை எடுக்க 8 லட்சம் கேட்கிறார். ஒரு வீட்டுக்கடன் நிறுவனத்து ஆள், “மூன்று கடனையும் நாங்களே அடைத்துவிடுகிறோம், 38.5 லட்சமாக ஒரே கடன், 8.5 சதவீதம், 25 வருடம், தவணை 31,000தான். இப்போது கட்டுவதைவிட 600 ரூபாய்தான் கூடும், 8 லட்சம் கையில் வந்துவிடும்” என்கிறார். சனிக்கிழமை பத்திர நகல் வாங்க வருகிறார். வீட்டுக்காரர் சரி என்றுவிட்டார், எனக்குத்தான் தூக்கம் வரவில்லை. இன்னொன்று, மாதம் 5,000 கட்டிவந்த 1 லட்ச ரூபாய்ச் சீட்டு தையில் முடிகிறது. அந்த 5,000ஐ எஸ்ஐபியில், அதாவது மாதாமாதம் மியூச்சுவல் ஃபண்டில், போட்டால் வீட்டுக்கடனுக்குக் கட்டிய வட்டி முழுவதும் திரும்பி வந்துவிடும் என்று ரீல்ஸில் சொல்கிறார்களே, செய்யலாமா?

பதில்: சகோதரி, உங்கள் பயம் நியாயமானது. சனிக்கிழமை அந்த ஆளிடம் பத்திர நகலைக் கொடுக்க வேண்டாம். காரணத்தைக் கணக்கோடு சொல்கிறேன், இதை வீட்டுக்காரரிடமும் காட்டுங்கள்.

நீங்கள் அனுப்பிய மூன்று கணக்குத்தாள்களையும் பார்த்தேன். வீட்டுக்கடனில் மீதி 21 லட்சம், முதல் டாப் அப்பில் 3.5 லட்சம், இரண்டாவதில் 5.7 லட்சம். மொத்தம் 30 லட்சத்துக்குச் சற்று மேல். 25 லட்சம் வாங்கி ஆறு வருடம் ஒரு தவணை தவறாமல் கட்டிய பிறகு, வாங்கியதைவிட 5 லட்சம் அதிகமாகக் கடன் நிற்கிறது. வீட்டுக்கடனுக்கு மட்டும் இதுவரை சுமார் 15 லட்சம் கட்டியிருக்கிறீர்கள். அசலில் குறைந்தது 4 லட்சம்தான்.

2023 மார்ச் மாதத் தாளை எடுத்துப் பாருங்கள். அந்த மாதம் நீங்கள் கட்டிய 20,900இல் வட்டிக்குப் போனது ஏறக்குறைய 17,500. அசலுக்குப் போனது 3,400. 2022 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ வட்டியை, அதாவது வங்கிகளுக்குத் தான் கொடுக்கும் கடனுக்கான வட்டியை, ரிசர்வ் வங்கி ஏற்றத் தொடங்கியது, 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆக்கிவிட்டது. ரெப்போவோடு இணைந்த உங்கள் கடனும் 6.85இலிருந்து 9.35க்குப் போனது. தவணைத் தொகை மாறவில்லை என்பதால் வீட்டில் யாரும் கவனிக்கவில்லை. மாறியது மாதங்கள். அன்று மீதியிருந்த 22.5 லட்சத்தை 6.85 வட்டியில் அதே தவணையில் கட்டினால் 167 மாதத்தில் முடியும். 9.35 வட்டியில் 235 மாதம் ஆகும். ஐந்தரை வருடத்துக்கு மேல் ஓசையில்லாமல் கூடிவிட்டது. 2025 பிப்ரவரியிலிருந்து வட்டியைக் குறைத்தார்கள், ஜூனுக்குள் ரெப்போ 5.5க்கு வந்தது. அதனால் உங்கள் நிலைமை கொஞ்சம் தேறியிருக்கிறது. இப்போதைய தவணையையே கட்டிக்கொண்டு போனால் மூன்று கடனும் சேர்ந்து இன்னும் சுமார் 175 மாதம், அதாவது பதினாலரை வருடத்தில் தீரும். அப்போது உங்கள் வீட்டுக்காரருக்கு 58 வயது நடக்கும்.

வீட்டுக்கடனுக்கு உண்மையில் எவ்வளவு கொடுக்கிறோம் என்பது தவணையில் தெரியாது, மாதங்களின் எண்ணிக்கையில்தான் தெரியும். அந்த நிறுவனத்து ஆள் சொன்ன கணக்கை அப்படிப் போட்டுப் பார்ப்போம். இப்போது 30,400 வீதம் 175 மாதம், ஏறக்குறைய 53 லட்சம். அவர் சொல்வது 31,000 வீதம் 300 மாதம், 93 லட்சம். வித்தியாசம் 40 லட்சம். கையில் வாங்கும் 8 லட்சத்துக்கு 40 லட்சம் கொடுக்கிறீர்கள். அறுநூறு ரூபாய்தான் கூடுதல் என்று அவர் சொன்னது பொய்யில்லை. அந்த அறுநூறோடு 125 மாதமும் கூடுகிறது என்பதை அவர் சொல்லவில்லை. இருபது வருடம் கழித்துக் கட்டும் ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இராது என்று சிலர் வாதாடுவார்கள். அது சரிதான், ஆனால் அந்த 125 மாதம் உங்கள் வீட்டுக்காரரின் 58 வயதிலிருந்து 68 வரை வருகிறது. தோட்டத்துக் கணக்குவேலைக்கு ஓய்வூதியம் கிடையாது. போடிமெட்டுச் சாலையின் 17 கொண்டை ஊசி வளைவுகளையும் 65 வயதில் தினமும் ஏறி இறங்க முடியுமா என்று அவரையே கேளுங்கள்.

உங்கள் வீட்டில் கெடுதல் செய்வது வட்டி விகிதம் அல்ல. சொந்தக்காரர் கேட்கும்போதெல்லாம் வீட்டை வைத்து டாப் அப் வாங்கும் வழக்கம்தான். ஒரு வெள்ளாமைக்கான பணம், ஒரு நாள் கல்யாணத்துக்கான பணம், இரண்டையும் வீட்டுக்கடனின் ஆயுளில் கொண்டுபோய்க் கட்டியிருக்கிறீர்கள். 3,400 வீதம் 19 வருடம் கட்டினால் அந்த 4 லட்சத்துக்கு 7.8 லட்சம். 6,100 வீதம் 16 வருடம் கட்டினால் கல்யாணத்துக்கு வாங்கிய 6 லட்சத்துக்கு 11.7 லட்சம். நாத்தனாரின் பிள்ளை உயர்நிலைப் பள்ளிக்குப் போகும் வயதிலும் அந்தப் பந்திச் சாப்பாட்டுக்கு நீங்கள் தவணை கட்டிக்கொண்டிருப்பீர்கள். தனிநபர் கடனைவிட வட்டி குறைவு என்று சொல்லித்தான் டாப் அப்பை விற்கிறார்கள். மூன்று வருடத்தில் அடைக்க வேண்டியதைப் பதினாறு வருடம் இழுத்தால் குறைந்த வட்டியும் கூடிய வட்டியாகிவிடும்.

கொழுந்தனார் விஷயத்துக்கு வருகிறேன். அவர் கெட்டவர் என்று நான் சொல்லவில்லை. போடியில் இருக்கும் உங்களுக்கு ஏலக்காய் விலையைப் பற்றி நான் சொல்லித்தர வேண்டியதில்லை. 2019 ஆகஸ்ட்டில் புற்றடி ஏலக்காய் ஏல மையத்தில் கிலோ 7,000 வரை போன காய், இரண்டு வருடத்தில் ஆயிரத்தை ஒட்டி இறங்கியது. அந்த உச்சத்தைப் பார்த்துக் குத்தகைக்கு இறங்கியவர்களில் அவரும் ஒருவர். 2024 கோடையில் இடுக்கி மாவட்டத்தில் எத்தனை தோட்டத்தில் செடி காய்ந்து நின்றது என்பதை உங்கள் வீட்டுக்காரர் கண்ணால் பார்த்திருப்பார், கணக்கிலும் எழுதியிருப்பார். விலையும் மழையும் ஒரே வருடத்தில் மாறக்கூடிய தொழிலுக்கு, 25 வருடம் மாறாமல் நிற்கும் கடனை, அதுவும் பிள்ளைகள் குடியிருக்கும் வீட்டின் மேல் வாங்குவது சரியில்லை.

விவசாயத்துக்குக் கடன் வேண்டுமென்றால் அவர் பெயரில் அவரே கேட்கட்டும். கிசான் கடன் அட்டையில் 3 லட்சம் வரை பயிர்க்கடன் 7 சதவீதம், சொன்ன தேதியில் கட்டினால் 4 சதவீதம்தான் விழும். குத்தகைதாரர்கள் கூட்டுப் பொறுப்புக் குழுவாகச் சேர்ந்தும் கேட்கலாம். அவர் மனைவியிடம் நகை இருந்தால் ஒரு வெள்ளாமைக்கு நகைக்கடன் வாங்கி, காய் விற்றதும் மீட்டுக்கொள்ளலாம். “அதெல்லாம் கிடைக்காது அண்ணி” என்று அவர் சொல்லக்கூடும். அப்படியானால் வங்கியே எடுக்கப் பயப்படும் பொறுப்பை உங்கள் தலையில் வைக்கிறார் என்றுதான் அர்த்தம்.

“கூடப் பிறந்தவன் கேட்கும்போது எப்படி இல்லை என்பது” என்று வீட்டுக்காரர் சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். இல்லை என்று முகத்தில் அடித்தாற்போல் சொல்ல வேண்டாம். பழைய 4 லட்சத்தின் தவணை 3,400ஐ இந்த மாதம் முதல் அவர் கட்டட்டும், ஒரு வருடம் விடாமல் கட்டிய பிறகு பேசலாம் என்று சொல்லுங்கள். அந்தப் பேச்சை நீங்கள் எடுத்தால் வெளியிலிருந்து வந்த மருமகள் பேசுகிறாள் என்றாகிவிடும். தம்பியிடம் அண்ணன்தான் பேச வேண்டும், மாமியார் இருக்கும்போதே பேசினால் இன்னும் நல்லது. உதவியே செய்யாமல் இருக்க மனம் வராவிட்டால், திரும்பி வராவிட்டாலும் பரவாயில்லை என்று நீங்கள் நினைக்கக்கூடிய ஒரு தொகையைக் கையிலிருந்து கொடுங்கள். 20,000 என்றாலும் சரி. கடன் வாங்கிக் கொடுப்பது மட்டும் வேண்டாம்.

அந்த எஸ்ஐபி ரீல்ஸைப் பற்றி. கடன் தொகையில் 0.1 சதவீதத்தை மாதாமாதம் போட்டால் வட்டி முழுவதும் திரும்பிவிடும் என்பதுதான் அந்தக் கணக்கு. 25 லட்சத்துக்கு மாதம் 2,500, இருபது வருடம், வருடா வருடம் 12 சதவீதம் கிடைத்தால் 25 லட்சம் ஆகும். கூட்டல் சரிதான். ஆனால் அந்த 12 சதவீதத்துக்கு யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. உங்கள் கல்யாண டாப் அப்பின் வட்டியோ 9.5 சதவீதம், அது நிச்சயம். அதை அடைத்தால் மிச்சமாகும் வட்டியும் அவ்வளவுக்கு நிச்சயம். உங்கள் வருமானத்துக்குப் புதிய வருமானவரி முறையில் வரியே வராது, ஆகவே வரிச்சலுகைக்காகக் கடனை வைத்திருக்க வேண்டிய தேவையும் இல்லை. எஸ்ஐபி நல்ல பழக்கம்தான், அதற்கு எதிராக நான் பேசவில்லை. சம்பளத்தில் பாதிக்கு மேல் தவணைக்குப் போகும் வீட்டில் அதற்கான நேரம் இன்னும் வரவில்லை. வட்டி திரும்பி வரும் என்று ஆசை காட்டுகிறவர்கள் உங்கள் கடனை ஒரு ரூபாய்கூடக் குறைக்கவில்லை என்பதையும் பாருங்கள்.

சீட்டில் வரும் 1 லட்சத்தைத் தொடாமல் வங்கியில் வையுங்கள். மூன்று மாதத் தவணைக்கு அது காணும். விடுபடும் 5,000ஐ மாதாமாதம் கல்யாண டாப் அப் கணக்கில் கூடுதலாகக் கட்டுங்கள். பதினான்கு வருடத்துக்கு மேல் ஓட வேண்டிய அந்தக் கடன் ஐந்தரை வருடத்தில் தீர்ந்துவிடும். பிறகு அதற்குக் கட்டிய 11,100 முழுவதையும் அடுத்த கடனுக்குத் திருப்பிவிடுங்கள். இப்படிப் போனால் எல்லாமே 175 மாதத்துக்குப் பதில் சுமார் 133 மாதத்தில் முடியும், கிட்டத்தட்ட 6 லட்சம் மிச்சம். கொழுந்தனாரின் 3,400உம் வந்து சேர்ந்தால் இன்னும் சீக்கிரம்.

வங்கியில் ஒன்றைக் கவனியுங்கள். கூடுதல் பணம் கட்டும்போது தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா என்று கேட்பார்கள். சில கிளைகளில் கேட்காமலே தவணையைக் குறைத்துவிடுவதும் உண்டு. காலத்தைக் குறைக்கச் சொல்லி எழுதிக் கொடுங்கள், நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள், அடுத்த மாதத் தாளில் மீதி மாதங்கள் குறைந்திருக்கிறதா என்று பாருங்கள். மாறும் வட்டியில் உள்ள தனிநபர் வீட்டுக்கடனை முன்கூட்டி அடைக்க அபராதம் கிடையாது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமையும் 2023 ஆகஸ்ட்டில் ரிசர்வ் வங்கி கொண்டுவந்த விதிப்படி உங்களுக்கு உண்டு.

அதே வருகையில் வட்டியைப் பற்றியும் கேட்டுவிடுங்கள். புதிதாக வருகிறவர்களுக்கு 2025இல் 7.5 முதல் 8க்குள் கொடுத்த வங்கிகள் இருக்கின்றன. ஆறு வருடம் ஒழுங்காகக் கட்டிய உங்களுக்கு 8.35. ஒரு சிறு கட்டணம் வாங்கிக்கொண்டு குறைத்துத் தருவார்கள், மேலாளரிடம் கேளுங்கள். மறுத்தால் வேறு வங்கிக்கு மாறலாம், ஆனால் மீதியுள்ள கடனை மட்டும், மீதியுள்ள மாதங்களுக்கு மட்டும். அங்கேயும் ஒரு டாப் அப்பை நீட்டுவார்கள், முழுப் பிரீமியத்தையும் ஒரே தடவையில் கடனோடு சேர்த்துவிடும் காப்பீட்டுப் பாலிசியையும் நீட்டுவார்கள். இரண்டையும் தள்ளுங்கள். அதற்குப் பதில் வீட்டுக்காரர் பெயரில் 50 லட்சத்துக்குச் சாதாரண டேர்ம் பாலிசி (உயிருக்கு ஏதாவது ஆனால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் காப்பீடு) ஒன்றைத் தனியாக எடுங்கள். தினமும் மலைப்பாதையில் போய் வருகிறவர், 30 லட்சம் கடன் அவரை நம்பி நிற்கிறது. இதைத் தள்ளிப்போட வேண்டாம்.

சனிக்கிழமை வருகிறவரிடம் ஒரே ஒரு கேள்வி கேட்கச் சொல்லுங்கள், வீட்டுக்காரரே கேட்கட்டும்: “38.5 லட்சத்துக்கு நான் மொத்தம் எத்தனை மாதம் கட்ட வேண்டும், மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பேன், ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள்.” அவர் எழுதிக் கொடுத்த தாளையும் இந்தப் பதிலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து அன்று இரவு இருவரும் பாருங்கள். டேர்ம் பாலிசி எடுத்த பிறகு எனக்கு ஒரு வரி எழுதுங்கள்.