மூலநிரல் பத்திரமாக இருக்கிறது, ரசிகர் கதைகள்தான் கவலை

கேள்வி: 'அம்னீசியா: தி டார்க் டிசென்ட்' என்ற திகில் கணினி விளையாட்டுக்கு ரசிகர்கள் உருவாக்கிய கதைகள் பல என் பழைய ஹார்ட் டிஸ்கில் இருக்கின்றன. விளையாட்டின் மூலநிரல் (சோர்ஸ் கோடு) இலவசமாகக் கிடைக்கிறதாமே! எல்லாவற்றையும் ஒன்றாகச் சேர்த்து நண்பர்களுக்குக் கொடுக்கலாமா?

பதில்: கூடாது. ஸ்வீடனின் ஃப்ரிக்‌ஷனல் கேம்ஸ் 2010இல் வெளியிட்ட இந்த விளையாட்டின் மூலநிரலை 2020 செப்டம்பரில் யாரும் மாற்றவும் பகிரவும் அனுமதிக்கும் ஜிபிஎல் 3 உரிமத்தின்கீழ் கிட்ஹப் என்ற நிரல் பகிர்வுத் தளத்தில் வைத்தது. நிரல் மட்டுமே பொதுவுக்கு வந்தது. விளையாட்டின் காட்சிகளும் ஒலிகளும், அதாவது கோட்டைச் சுவர்களும் இருட்டில் கேட்கும் உறுமலும், இன்றும் விற்பனைச் சரக்குதான். உங்கள் நண்பர்கள் விளையாட்டைத் தனியே வாங்க வேண்டும். நிரலை மாற்றி நீங்களே வைத்துக்கொள்ளத் தடையில்லை. மாற்றியதைப் பிறருக்குக் கொடுத்தால் அதன் மூலநிரலையும் அதே உரிமத்தில் கொடுத்தாக வேண்டும்.

ஆனால் உங்களுக்கு அந்த வேலையே தேவையில்லை. ரசிகர் கதைகள் கடையில் வாங்கிய விளையாட்டிலேயே ஓடும். 'கஸ்டம் ஸ்டோரீஸ்' கோப்புறைக்குள் கதையை வைத்தால் போதும். பட்டியலில் கதை தெரியவில்லையா? ஜிப்பை விரிக்கும்போது கோப்புறைக்குள் இன்னொரு கோப்புறை உண்டாகியிருக்கும். கதையின் அமைப்புக் கோப்பு முதல் கோப்புறையிலேயே இருக்க வேண்டும். ஒரு படி மேலே நகர்த்துங்கள். விளையாட்டையே முழுதாக மாற்றும் 'ஃபுல் கன்வர்ஷன்' வகைக் கதைகளுக்கு இது பொருந்தாது, அவற்றோடு வரும் குறிப்பைப் படியுங்கள்.

நிரலுக்கு இனி ஆயிரம் பிரதிகள் கிடைக்கும். ஒரு கல்லூரி மாணவர் விடுமுறையில் செய்த கதைக்கு உங்கள் டிஸ்கில் இருப்பதே கடைசிப் பிரதியாக இருக்கலாம். அதைத்தான் முதலில் காப்பாற்ற வேண்டும். விரித்த கோப்புறையை விட, பதிவிறக்கிய ஜிப்பை அப்படியே வையுங்கள். கோப்பு பின்னர் சிதைந்ததா எனக் கண்டறிய உதவும் எஸ்ஹெச்ஏ-256 சரிபார்ப்பு எண்ணையும் கதை ஓடிய விளையாட்டுப் பதிப்பையும் ஓர் உரைக்கோப்பில் எழுதி வையுங்கள். இரண்டு வெவ்வேறு டிஸ்குகளில் நகல் இருக்கட்டும்.

இந்தக் கதைகளில் எனக்குப் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. ஒவ்வொரு வரைபடத்துக்கும் (கதை நடக்கும் இடத்துக்கும்) அதே பெயரில், அங்கே நடப்பதை இயக்கும் ஓர் எழுத்துநிரல் (ஸ்கிரிப்ட்) இருக்கும்; நோட்பேடிலேயே திறந்து படிக்கலாம். எந்த இடத்தை மிதித்தால் கதவு அறைந்து சாத்தும், எங்கே பூதம் எழும் என்பதெல்லாம் வரிவரியாகத் தெரியும். விளையாடி முடிக்கும்வரை திறக்காதீர்கள், பயமெல்லாம் போய்விடும்.

கதையின் உரிமை அதை எழுதியவருக்கே. பகிரும் முன் கதையோடு வரும் ரீட்மீ (குறிப்பு) கோப்பைப் பாருங்கள். அனுமதி இல்லையென்றால் கேளுங்கள். பதில் வராவிட்டால் நகலை வைத்துக்கொள்ளுங்கள், பொதுவில் ஏற்ற வேண்டாம். அவர் சம்மதித்தாலும் பின்னணி இசையைக் கவனியுங்கள்: வேறெங்கிருந்தோ எடுத்த பாட்டுக்கு அனுமதி தர அவராலும் முடியாது.