லீஃப்ஸ் ஆட்டம் பார்க்கப் போகிறீர்களா? பிடிஎஃப் டிக்கெட்டுக்குக் காசு அனுப்பாதீர்கள்

டொரொன்டோவுக்குப் பக்கத்து மார்க்கம் நகரிலிருந்து ஒரு வாசகர் எழுதியிருக்கிறார். மகனுக்குப் பத்து வயது, டொரொன்டோவின் ஐஸ் ஹொக்கி அணியான மேப்பிள் லீஃப்ஸ் என்றால் உயிர். யாழ்ப்பாணத்திலிருந்து அப்பப்பாவும் வந்து நிற்கிறார். மூன்று பேருமாக ஒரு ஆட்டம் பார்க்க ஆசை. தெரிந்தவருக்குத் தெரிந்த ஒருவர் தன்னிடம் சீசன் டிக்கெட் இருக்கிறது, மூன்றையும் பிடிஎஃப்பாக வாட்ஸ்அப்பில் அனுப்புகிறேன், கொஞ்சம் கூடத் தந்தால் லீஃப்ஸ் கடைசியாக ஸ்டான்லி கோப்பை வென்ற பழைய அரங்கையும் சுற்றிக் காட்டுகிறேன் என்கிறாராம். முழுக் காசையும் முதலிலேயே வங்கிக் கணக்கிலிருந்து ஈ-டிரான்ஸ்பரில் அனுப்ப வேண்டுமாம். நம்பலாமா என்று கேட்கிறார்.

நம்ப வேண்டாம். லீஃப்ஸ் இப்போது ஆடும் ஸ்கோஷியாபேங்க் அரீனா வாசலில் பிடிஎஃப் செல்லாது, அச்சடித்த தாளும் செல்லாது. டிக்கெட் உங்கள் கைபேசியில், டிக்கெட் விற்கும் டிக்கெட்மாஸ்டர் செயலியில் உள்ள உங்கள் கணக்குக்குள் இருக்க வேண்டும். அதில் தெரியும் பார்கோடு சில நொடிகளுக்கு ஒருமுறை மாறிக்கொண்டே இருக்கும். அதனால் ஸ்கிரீன்ஷாட் எடுத்து அனுப்பினாலும் பயனில்லை, அது எடுத்த கொஞ்ச நேரத்திலேயே செத்துவிடும். ஒரே படத்தைப் பத்துப் பேருக்கு விற்றுவிட்டுப் போகிறவர்கள் இந்த ஊரில் இருக்கிறார்கள், அவர்களில் நம்மவர்களும் உண்டு. தமிழில் பேசுகிறார், கோயிலில் பார்த்த முகம் என்பதற்காகக் காசை அனுப்பிவிடுகிறோம். ஈ-டிரான்ஸ்பரில் போன காசு திரும்பாது. வங்கியில் கேட்டால், நீங்களேதானே அனுப்பினீர்கள் என்பார்கள்.

ஒரே ஒரு விதிவிலக்கு உண்டு, அதைக் கவனமாகப் படியுங்கள். அந்த மனிதரிடம் உண்மையிலேயே சீசன் டிக்கெட் இருக்கலாம். வருடத்தில் சொந்த அரங்கில் நாற்பதுக்கு மேற்பட்ட ஆட்டங்கள், எல்லாவற்றுக்கும் யாராலும் போக முடியாது, மீதியை விற்கத்தான் செய்வார்கள். அப்படியானால் அவர் செய்ய வேண்டியது ஒன்றே. செயலிக்குள் 'டிரான்ஸ்ஃபர்' என்று இருப்பதை அழுத்தி, உங்கள் மின்னஞ்சலுக்கு அனுப்ப வேண்டும். உங்களுக்கு அறிவிப்பு வரும், நீங்கள் அதை ஏற்றுக்கொள்ள வேண்டும். நீங்கள் ஏற்கும்வரை அவர் நினைத்தால் அதைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம், ஆகவே "அனுப்பிவிட்டேன் பாருங்கள்" என்று அவர் காட்டும் படம் எதற்கும் ஆதாரமில்லை. ஏற்றபின், உங்கள் கணக்கைத் திறந்து தேதி, பகுதி, வரிசை, இருக்கை, மூன்றும் பக்கத்துப் பக்கத்தில்தானா என்று பாருங்கள். அதற்குப் பிறகு காசு கொடுங்கள். காசு வராமல் அனுப்பமாட்டேன் என்றால் அவர் பக்கமும் நியாயம் இருக்கலாம், முகம் தெரியாதவருக்கு யார் கொடுப்பார்? அப்போது இருவரும் நேரில் சந்தித்து, அவர் அனுப்ப, நீங்கள் ஏற்க, அங்கேயே கணக்கை முடியுங்கள். அதற்கும் வரமாட்டேன் என்றால் விட்டுவிடுங்கள்.

மற்றபடி செயலியிலேயே மறுவிற்பனை டிக்கெட் கிடைக்கும், கிரெடிட் கார்டில் வாங்குங்கள். வேறு தளங்களில் போடப்பட்ட விலை அமெரிக்க டொலரா கனேடிய டொலரா என்று முதலில் பாருங்கள். சனிக்கிழமை இரவையும், மொன்றியல் கனேடியன்ஸ் வரும் நாளையும் விட்டுவிடுங்கள், விலை எட்டாது. செவ்வாய், புதனில் தூரத்து அணி ஒன்று வரும் நாளாகத் தேடுங்கள்.

இந்த விலையை முன்னமே ஏன் யாரும் கட்டுப்படுத்தவில்லை என்று கேட்பீர்கள். ஒன்ராறியோ 2017 இல் ஒரு சட்டம் கொண்டுவந்தது. மூல விலைக்கு மேல் 50 சதவீதத்துக்கு அதிகமாக மறுவிற்பனை செய்யக்கூடாது என்றது. அந்தப் பிரிவு நடைமுறைக்கு வருமுன்னமே 2018 இல் புதிய அரசாங்கம் நிறுத்தி வைத்தது, 2019 இல் தூக்கியே விட்டது. கட்டுப்படுத்த முடியாது என்று காரணம் சொன்னார்கள். முயன்று பார்க்காமலே சொன்னதுதான் எனக்கு ஆறவில்லை. ஒரு தொழிலாளி தன் பிள்ளையை ஒருமுறை கூட்டிப்போக வாரச் சம்பளத்தை எண்ண வேண்டியிருக்கிறது.

சரி, பழைய அரங்கு. அதற்கு ஒரு சதமும் கொடுக்காதீர்கள். மேப்பிள் லீஃப் கார்டன்ஸ், கார்ல்டன் தெருவும் சேர்ச் தெருவும் சந்திக்கும் மூலையில், காலேஜ் சப்வேயிலிருந்து நடந்து போகிற தூரத்தில் இருக்கிறது. கீழே இப்போது லோப்ளாஸ் கடை, யாரும் உள்ளே போகலாம். தரையில் ஒரு சிவப்புப் பொட்டு இருக்கும், ஐஸின் நடுப்புள்ளி அங்கேதான் இருந்தது. மகனை அதன்மேல் நிறுத்திப் படம் எடுங்கள். 1931 இல், நாடே பொருளாதார மந்தத்தில் கிடந்தபோது, லீஃப்ஸை அப்போது நடத்திய கான் ஸ்மைத் இதைக் கட்டினார். காசு போதாமல் தொழிலாளிகளின் கூலியில் ஒரு பங்கை நிறுவனப் பங்காகக் கொடுத்தார். ஜூனில் தொடங்கிய வேலை, நவம்பர் 12 இல் முதல் ஆட்டம் நடந்துவிட்டது. அன்று சிக்காகோவிடம் 2-1 என்று தோற்றார்கள். 1999 பெப்ரவரி 13 அன்று நடந்த கடைசி ஆட்டத்திலும் அதே சிக்காகோவிடம்தான் 6-2. இடையில், 1967 இல் மொன்றியலை வென்று எடுத்த கோப்பைதான் இன்றுவரை கடைசி. மேல்மாடியில் டொரொன்டோ மெட்ரோபொலிட்டன் பல்கலைக்கழகத்தின் ஐஸ் தளம் இருக்கிறது, பழைய கூரை இன்னும் அப்படியே. மாணவர் அணி ஆடும் நாளில் போனால் அந்தக் கூரையின் கீழேயே ஹொக்கி பார்க்கலாம்.

அப்பப்பாவுக்கு ஸ்டான்லி கோப்பையைக் காட்ட வேண்டுமென்றால் யங்-ஃப்ரண்ட் தெருக்களின் மூலையில் ஹொக்கி ஹால் ஆஃப் ஃபேம் அருங்காட்சியகம், யூனியன் ஸ்டேஷனிலிருந்து கிட்ட. 1892 இல் ஸ்டான்லி பிரபு கொடுத்த மூலக் கிண்ணம் அங்கே பழைய வங்கிப் பெட்டகத்துக்குள் இருக்கிறது. அதற்கு நுழைவுக் கட்டணம் உண்டு, அங்கேயே வாங்கலாம், நடுவில் ஆள் தேவையில்லை.

இன்னொன்றையும் யோசியுங்கள். லீஃப்ஸின் இளைய அணியான மார்லீஸ், எக்ஸிபிஷன் பக்கத்தில் கொக்கா-கோலா கொலிசியத்தில் ஆடுகிறது. சுமார் 8,000 பேர் கொள்ளும் இடம், ஐஸ் கிட்டத் தெரியும், டிக்கெட் விலை மிகக் குறைவு. ஆட்டக்காரர் நைலாண்டர் லீஃப்ஸுக்கு வருமுன் ஆடியது இந்த அணியில்தான், மகனிடம் இதைச் சொல்லிப் பாருங்கள். அதே கொலிசியத்தில் பெண்கள் அணியான செப்டர்ஸும் ஆடுகிறது, வேகத்தில் குறைவில்லை.

எதற்குப் போனாலும் வீட்டிலிருந்து கிளம்புமுன் மூன்று டிக்கெட்டையும் கைபேசி வாலட்டில் சேர்த்துவிடுங்கள், ஒரே போனில் மூன்றும் இருக்கலாம். வாசலில் கூட்டம் சேர்ந்தால் இணையம் இழுபடும். கைபேசியில் சார்ஜும் இருக்கட்டும்.