காலம் பிசகினால் நினைவு என்ன ஆகும்? அறிவியல் கதை எழுதுவோருக்குக் கேள்வி பதில்

காலம் குலைவதால் நினைவு பாதிக்கப்படும் ஒரு கற்பனை நோயை வைத்துக் கதை எழுதுகிறவர்கள் அனுப்பிய கேள்விகள் இவை. நினைவுக் கோளாறுகள் பற்றிப் பாடம் எடுப்பவன் என்ற முறையில் பதில் சொல்கிறேன்.

கேள்வி: ஒருவன் இறந்தகாலத்தை மாற்றிவிடுகிறான். ஊரில் பலருக்கும் நடக்காத வாழ்க்கை நினைவுக்கு வருகிறது. இப்படி ஒரு நோயை நம்பும்படி எழுத முடியுமா?

பதில்: தாராளமாக. ஆனால் இதை மறதி நோயாக எழுதாதீர்கள். மறதி வேறு, இல்லாத நினைவு வேறு. கோர்சகோஃப் நோய் என்று ஒன்று உண்டு. தயமின் என்ற பி1 வைட்டமின் குறைவதால் வருவது, பெரும்பாலும் நீண்ட காலக் குடியால். வாரக்கணக்கில் வார்டில் படுத்திருப்பவரிடம் “நேற்று எங்கே இருந்தீர்கள்?” என்று கேட்டால், “சந்தைக்குப் போய் மாடு வாங்கி வந்தேன்” என்பார். அவர் பொய் சொல்லவில்லை. மாடு வாங்கியது நிஜமாகவே நடந்திருக்கலாம், இருபது வருடம் முன்பு. நினைவு இருக்கிறது, அது எந்தக் காலத்தியது என்ற அடையாளம்தான் கழன்றுவிட்டது.

உங்கள் நோய் தாக்க வேண்டிய இடம் அதுதான். மூளையில் ஹிப்போகேம்பஸ் என்ற பகுதியில், ஒரு காத்திருப்பின் ஒவ்வொரு கணத்துக்கும் ஒவ்வொன்றாக வரிசையில் கிளர்ந்தெழும் செல்கள் எலிகளிடம் தெரியவந்தன. 2011இல் நரம்பியல் ஆய்வாளர் ஹோவர்ட் ஐகன்பாம் குழுவினர் அவற்றுக்குக் ‘காலச் செல்கள்’ என்று பெயர் வைத்தார்கள். அந்த வரிசை கலைந்தால் என்ன ஆகும் என்று யோசியுங்கள். பிறக்காத மகளுக்குத் தலை பின்னிவிட்ட நினைவு வரும். விரலில் எண்ணெய்ப் பிசுக்கு உட்பட.

கேள்வி: நாயகன் தன் பெயரையே மறந்துவிடுகிறான். சரியா?

பதில்: வேண்டாம். ஹென்றி மொலைசன் என்ற அமெரிக்க நோயாளிக்கு 1953இல் வலிப்பைக் குறைக்க அறுவை சிகிச்சை செய்து, இரு பக்கமும் ஹிப்போகேம்பஸின் பெரும்பகுதியை எடுத்துவிட்டார்கள். 2008இல் இறக்கும்வரை புதிதாகச் சந்தித்தவர்களை அவரால் நினைவில் வைக்க முடியவில்லை. ஆனால் தன் பெயரும் சிறுவயதும் அவருக்குத் தெரியும். மூளை அடிபட்டவர்கள் பொதுவாக இழப்பது புதிய நினைவுகளை.

கேள்வி: நெல்சன் மண்டேலா எண்பதுகளில் சிறையிலேயே இறந்ததாகப் பலருக்கு நினைவிருக்கிறதே. காலம் மாறியதற்கு இது சாட்சியா?

பதில்: இல்லை. அவர் 1990இல் விடுதலையானார், 2013இல் இறந்தார். 1995இல் உளவியலாளர் எலிசபெத் லாஃப்டஸ் வெளியிட்ட ஆய்வில், சிறுவயதில் கடைவீதியில் தொலைந்துபோனதாகச் சொல்லப்பட்டதை 24 பேரில் கால்வாசிப் பேர் ஓரளவோ முழுமையாகவோ நினைவுகூர்ந்தார்கள். அப்படி ஒன்று நடக்கவே இல்லை. கதையில் பயன்படுத்துங்கள், சாட்சியாக நம்பாதீர்கள்.

கேள்வி: தலையில் அடிபட்டுப் பெயர் மறந்து, மறுபடி அடிபட்டதும் எல்லாம் திரும்பி வந்தால்?

பதில்: பெயர் பற்றி மேலே சொல்லிவிட்டேன். இரண்டாவது அடி காயத்தைத்தான் கூட்டும்.

கேள்வி: இறந்தகாலம் மாறினால் மூளையும் சேர்ந்துதானே மாறும்? பழைய நினைவு எங்கே தங்கும்? முதல் கேள்வி கேட்டவரின் கதை இங்கேயே உடைகிறது.

பதில்: இன்று வந்ததில் எனக்கு மிகவும் பிடித்த கேள்வி. நீங்கள் சொல்வது சரி. நினைவு என்பது நரம்புச் செல்களின் இணைப்புகளில் ஏற்பட்ட மாற்றம். அந்த நிகழ்ச்சி நடக்கவில்லை என்றால் இணைப்பும் இல்லை. முதலில் கேட்டவர் இதற்கு, “நினைவு ஆன்மாவில் தங்கட்டுமே” என்று எழுதியிருக்கிறார். நீங்கள் “அப்படியானால் அது நோயே இல்லை” என்று மறுத்திருக்கிறீர்கள். நான் உங்கள் பக்கம். ஆன்மாவில் தங்கினால் கோர்சகோஃப் நோயாளிக்கு வைட்டமின் குறைந்ததும் ஏன் நினைவு குலைய வேண்டும்?

ஆனால் கதையைக் கைவிட வேண்டாம். மாற்றம் மூளைக்கு அரைகுறையாக வந்து சேர்வதாக வைக்கலாம்: உலகம் மாறிவிட்டது, சில இணைப்புகள் மட்டும் பழையபடி நின்றுவிட்டன. அப்போது அது உடம்பின் கோளாறு, நோய் என்றே சொல்லலாம். யாருக்கு எவ்வளவு மிஞ்சும் என்ற விதியை எழுத ஆரம்பிக்கும் முன்பே முடிவு செய்துவிடுங்கள். பாதியில் விதியை மாற்றினால் வாசகர் எழுந்து போய்விடுவார்.

கேள்வி: இது கதைக்காக இல்லை. இன்று காலையிலிருந்து அம்மா ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்கிறார். எங்களை அடையாளம் தெரிகிறது.

பதில்: இதைப் படித்ததும் மருத்துவமனைக்குக் கிளம்புங்கள். சில மணி நேரத்தில் தானே சரியாகும் தற்காலிக மறதி ஒன்று ஐம்பது வயதுக்கு மேல் வருவதுண்டு. ஆனால் பக்கவாதமோ வலிப்போ இல்லை என்று மருத்துவர்தான் பார்த்துச் சொல்ல வேண்டும்.

கேள்வி: நாயகி தன் பெயரை மறந்தால்?

பதில்: மூன்றாவது முறை. வேண்டாம்.

கேள்வி: ஒரு நாள் முழுக்கக் காணாமல் போனால்?

பதில்: பசிபிக் தீவு நாடான சமோவாவில் 2011 டிசம்பர் 30 என்ற தேதியே இல்லை. ஒரு நாள் முடிந்து அடுத்த நாள் தொடங்குவதாக உலக வரைபடத்தில் வைத்திருக்கும் தேதிக்கோட்டின் மறுபக்கம் மாறினார்கள். யாருடைய நினைவும் கெடவில்லை. நாட்காட்டி வேறு, காலம் வேறு.

கேள்வி: நோயாளிக்கு என்ன சிகிச்சை காட்டலாம்?

பதில்: நாட்குறிப்பு. 1985இல் மூளைக்காய்ச்சலால் நினைவை இழந்த இசைக்கலைஞர் கிளைவ் வேரிங், இப்போதுதான் விழித்தேன் என்று எழுதுவார். சற்று நேரத்தில் அதை அடித்துவிட்டு மறுபடி அதையே எழுதுவார். உங்கள் நோயாளியின் நாட்குறிப்போ காலத்தோடு சேர்ந்து மாறியிருக்கும். அவர் கையெழுத்திலேயே அவர் வாழாத நாட்கள் இருக்கும். முதலில் அந்தக் காட்சியை எழுதி அனுப்புங்கள், படிக்கக் காத்திருக்கிறேன்.