நாட்டியக் கேள்விகள்: பச்சை மேசையைச் சுற்றிப் பத்துப் பேர்

கேள்வி: இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ஜெர்மனியில் பாலேயையும் நவீன நடனத்தையும் சேர்த்து ஆடிய குழு இருந்ததாமே? அப்படிச் சேர்த்தால் இரண்டுமே கெட்டுப்போகாதா? பரதம் படிக்கும் என் மகள் கேட்கிறாள்.
– ஒரு வாசகி, கும்பகோணம்

பதில்: எஸ்ஸென் நகரில் குர்ட் யோஸ் நடத்திய ஃபோல்க்வாங் குழுவைத்தான் கேட்கிறீர்கள் என்று எடுத்துக்கொள்கிறேன். நான் தலைவணங்கும் மனிதர் அவர். குழுவிலிருக்கும் யூதர்களை விலக்கச் சொன்னார்கள் நாஜிகள். மறுத்துவிட்டு, 1933-இல் குழுவோடு நாட்டைவிட்டே போனார். இங்கிலாந்தில் வாழ்ந்துவிட்டு 1949-இல் எஸ்ஸெனுக்குத் திரும்பினார். ஊர் குண்டுவீச்சில் நொறுங்கிக் கிடந்தது. அங்கே மறுபடி குழு சேர்த்தார். பணமில்லாமல் 1953-இல் அது கலைந்தது. அறுபதுகளில் இன்னொன்றைத் தொடங்கினார்.

கெட்டுப்போகவில்லை அம்மா. பாலேயின் நிமிர்ந்த முதுகையும் தினசரிக் கால் பயிற்சியையும் வைத்துக்கொண்டார். நுனிக்கால் காலணியையும் கைதட்டலுக்காகத் துள்ளும் துள்ளலையும் விட்டுவிட்டார். ஓர் அசைவு கனமா லேசா, வேகமா நிதானமா, எந்தத் திசையை நோக்கிப் போகிறது என்று பார்க்கும் கண்ணை அவருடைய ஆசான் லாபானிடமிருந்து எடுத்துக்கொண்டார்.

1932-இல் பாரிஸ் போட்டியில் முதல் பரிசு வாங்கிய அவருடைய 'பச்சை மேசை' நடனத்தில் இது கண்ணுக்கு நேராகத் தெரியும். முகமூடியும் கறுப்புக் கோட்டும் அணிந்த ராஜதந்திரிகள் பத்துப் பேர் மேசையைச் சுற்றி நின்று குனிந்து வணங்குகிறார்கள், விரல் நீட்டி வாதாடுகிறார்கள், கடைசியில் துப்பாக்கியை எடுத்துச் சுடுகிறார்கள். உடனே போர் மூள்கிறது; மரணம் ஒரு மனித வேடத்தில் வருகிறான். முதலில் அந்த வேடத்தை ஆடியவர் யோஸேதான். மரணத்தின் ஒவ்வொரு மிதியும் தரையை அறைகிறது. போரில் லாபம் பார்ப்பவனோ வழுக்கிக்கொண்டே நழுவுகிறான். சிப்பாயும் தாயும் எல்லாரும் செத்த பிறகு, அதே மேசை, அதே பத்துப் பேர், அதே வணக்கம். பக்கவாத்தியம் இரண்டு பியானோ மட்டுமே.

பார்க்கக் கிடைத்தால், மகளை முதல் தடவை மரணத்தின் பாதங்களை மட்டும் பார்க்கச் சொல்லுங்கள். தட்டடவு பழகிய பிள்ளைக்கு அந்த மிதியின் கணக்கு சட்டென்று பிடிபடும்.

கேள்வி: ஜெர்மன் நடனக் கலைஞர் பினா பௌஷ் இந்தக் குர்ட் யோஸின் மாணவியா?
– ஒரு கல்லூரி மாணவர், மதுரை

பதில்: ஆமாம். 14 வயதில் ஃபோல்க்வாங் பள்ளியில் சேர்ந்தவர். நியூயார்க்கில் படித்துத் திரும்பி யோஸின் குழுவில் ஆடினார்; 1973-இல் வுப்பர்டால் நகரக் குழுவுக்குத் தலைவரானார். நம் சென்னையில் பிறந்த குச்சிப்புடிக் கலைஞர் சாந்தலா சிவலிங்கப்பாவும் அவரோடு ஆடியிருக்கிறார்.

1975-இல் ஸ்ட்ராவின்ஸ்கியின் 'வசந்தச் சடங்கு' இசைக்கு பினா அமைத்த நடனத்தை எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு நெஞ்சு படபடக்கும். மேடை முழுக்கக் கருமண் பரப்பியிருப்பார்கள். பாலே பழகிய கால்கள் அதில் புதைந்து புதைந்து எழும். பெண்களின் வெளிர்நிற மெல்லிய உடையில் வியர்வையோடு மண் அப்பிக்கொள்ளும். அந்தச் சடங்கில் பலியாகப் போகிறவளுக்கு மட்டும் சிவப்பு உடை. இசை ஓயும் இடங்களில் அத்தனை பேரும் மூச்சு வாங்குவது காதில் விழும்.