டிங் தவறினார், சரி. தவற வைத்தது யார்?

கேள்வி: 2024 உலக செஸ் சாம்பியன் போட்டியின் கடைசி ஆட்டத்தில் அப்போதைய சாம்பியன் டிங் லிரென் சின்னப் பிள்ளைகூடச் செய்யாத தவறைச் செய்தார். அதனால்தானே குகேஷுக்குப் பட்டம் கிடைத்தது? முந்தைய சாம்பியன் கார்ல்சனும் ஆடவில்லை. சொந்தத் திறமையில் ஜெயித்த ஆனந்தோடு இவரையும் ஒரே தட்டில் வைத்துக் கொண்டாடுவது நியாயமா?
— ஒரு வாசகர், திண்டுக்கல்

பதில்: 'சின்னப் பிள்ளைகூட' என்ற வார்த்தையை எழுதும் முன் அந்த ஆட்டத்தை ஒரு தடவை பலகையில் வைத்துப் பார்த்தீர்களா? பார்த்திருந்தால் இந்தக் கேள்வி வேறு மாதிரி வந்திருக்கும். இப்போதாவது பலகையை எடுங்கள். நான் யானை என்பது ரூக்கை, மந்திரி என்பது பிஷப்பை. கட்டங்களுக்கு வெள்ளைக்காரரின் இடமிருந்து வலமாக ஏ முதல் எச் வரை எழுத்து, அவர் பக்கத்திலிருந்து மேலே 1 முதல் 8 வரை எண்.

2024 டிசம்பர் 12, சிங்கப்பூர், 14ஆவது ஆட்டம். ஸ்கோர் 6½–6½. டிங்குக்கு வெள்ளைக் காய், குகேஷுக்குக் கறுப்பு. 52 நகர்த்தல்கள் வரை டிங்கின் மந்திரி பி7 கட்டத்தில் நிம்மதியாக நின்றது. 52ஆவது நகர்த்தலில் டிங் யானையை ஏ4-க்குக் கொண்டுபோக, குகேஷ் தன் யானையை பி2-ல் வைத்தார். பி வரிசை திறந்து கிடந்ததால் பி7 மந்திரி நேராகத் தாக்குதலில் விழுந்தது. டிங் அதை மூலைக்கு, ஏ8-க்கு ஒதுக்கினார். குகேஷ் ராஜாவை எஃப்6-க்கு நகர்த்தினார். டிங் யானையை எஃப்4-க்குக் கொண்டுவந்தார். குகேஷின் ராஜா ஈ5-க்கு ஏறி அந்த யானையை ஒட்டி நின்றது. அதே அடியில் டி5 கட்டத்துக்கும் காவலாக நின்றது.

இப்போது பலகையில் இருப்பது இவ்வளவுதான். வெள்ளை: ராஜா ஜி1, யானை எஃப்4, மந்திரி ஏ8, சிப்பாய் ஜி3. கறுப்பு: ராஜா ஈ5, யானை பி2, மந்திரி ஈ6, சிப்பாய்கள் எஃப்5, ஜி4. டிங்கின் 55ஆவது நகர்த்தல். யானையை ஏ4-க்கே திருப்பியிருந்தால் டிரா அவர் கையில்தான் இருந்தது. அவர் எஃப்2-ல் வைத்து, 'வா, யானைக்கு யானை வெட்டிக்கொள்வோம்' என்றார். பார்வைக்குப் புத்திசாலித்தனமான அழைப்பு. காய் குறையக் குறைய டிரா நெருங்கும் என்றுதான் யாருக்கும் தோன்றும்.

குகேஷ் வெட்டினார். டிங்கின் ராஜா எஃப்2-க்கு வந்து திருப்பி வெட்டியது. அடுத்து குகேஷின் மந்திரி டி5-ல் வந்து உட்கார்ந்தது. மூலையில் நிற்கும் மந்திரிக்கு இருப்பது ஒரே ஒரு மூலைவிட்டப் பாதை. அந்தப் பாதையின் நடுவில் எதிரி மந்திரி, அதற்குப் பின்னால் ராஜாவின் காவல். பி7-க்கோ சி6-க்கோ தள்ளி வைத்தாலும் அதே கோட்டில்தான் நிற்க வேண்டும், வெட்டுப்பட வேண்டும். வேறு வழியில்லாமல் டிங் மந்திரிக்கு மந்திரி மாற்றினார். மிஞ்சியது ராஜாவும் சிப்பாய்களும்: குகேஷுக்கு இரண்டு, டிங்குக்கு ஒன்று. ராஜாக்கள் ஈ3, ஈ5 என்று எதிரெதிரே நின்றன. நகர வேண்டிய முறை டிங்குடையது. நகர்ந்தால் வழிவிட வேண்டும். 58ஆவது நகர்த்தல் முடிந்ததும் தோல்வியை ஒப்புக்கொண்டு கைகொடுத்துவிட்டார்.

யானையும் மந்திரியும் இருக்கும்வரை, பலகையின் ஒரே பக்கத்தில் ஒரு சிப்பாய் குறைவாக இருப்பது தாங்கக்கூடிய சுமை. காய்களெல்லாம் போய் ராஜா மட்டும் மிஞ்சினால் அதே ஒரு சிப்பாய் ஆளைக் கொன்றுவிடும். அதனால்தான் சிப்பாய் குறைந்தவர் சிப்பாய்களை மாற்றிக்கொள்ள வேண்டும், காய்களை மாற்றக் கூடாது என்று பயிற்சியாளர்கள் தலைப்பாடமாகச் சொல்லிக்கொடுக்கிறார்கள். டிங்குக்கு இது தெரியாதா? 46ஆவது நகர்த்தலில் சிப்பாய்க்குச் சிப்பாய் மாற்றிச் சரியாகத்தான் ஆடினார். பி7-ல் மந்திரி இருந்திருந்தால் யானை மாற்றத்துக்குப் பிறகும் சி8-க்கோ ஏ6-க்கோ தப்பியிருக்கும். மூலைக்குப் போனதால்தான் எல்லாம் போயிற்று. அதை அங்கே விரட்டியது குகேஷின் பி2 யானை. டிங் யானையை எஃப்2-ல் வைத்தது பிழை என்று குகேஷுக்கும் கண்ணில் பட்டவுடன் புரிந்துவிடவில்லை. யானையை பி3-க்கு நகர்த்த இருந்ததாகப் பிறகு அவரே சொன்னார். சில கணங்கள் கழித்து அவர் முகம் மாறுவதை ஒளிபரப்பில் உலகமே பார்த்தது.

இன்னும் கொஞ்சம் பின்னால் போங்கள். அந்த ஒரு சிப்பாய் எப்படிக் குறைந்தது? 29ஆவது நகர்த்தலில் டிங்கே பி வரிசைச் சிப்பாயைக் கொடுத்து ராணிகளை மாற்றிக்கொண்டார். டிராவானால் மறுநாள் ரேபிட் டை-பிரேக், அதாவது சமநிலையை முறிக்கக் குறைந்த நேரத்தில் ஆடும் வேக ஆட்டங்கள். அதில் தன் கை ஓங்கும் என்பது அவர் கணக்கு. 2023-ல் அஸ்தானாவில் நெப்போம்னியாச்சியை வென்று பட்டம் பெற்றதும் டை-பிரேக்கில்தான். வெள்ளைக் காய் கையில் இருந்தும் பட்டத்தின் கடைசி ஆட்டத்தில் டிராவுக்கு ஆடினார் என்பதே நடந்தது. குகேஷ் விடவில்லை. ராணியில்லாத அந்த நிலையில் அவருக்குத் தோற்கும் ஆபத்து இல்லை, ஜெயிக்க உறுதியான வழியும் இல்லை. 25 நகர்த்தலுக்கு மேல் அதையே பிசைந்துகொண்டிருந்தார். 6ஆவது ஆட்டத்திலும் இப்படித்தான்: ஒரே நிலை திரும்பத் திரும்ப வந்து எளிதாக டிராவாகியிருக்கும், கறுப்புக் காயோடு அதை மறுத்து ராணியை எச்4-க்கு நகர்த்தினார். 3ஆவது ஆட்டத்தில் டிங் தோற்றது 37ஆவது நகர்த்தலில் நேரம் தீர்ந்து. முதல் 40 நகர்த்தலுக்கு 120 நிமிடம், 41-லிருந்துதான் நகர்த்தலுக்கு 30 விநாடி கூடுதல் என்பது அந்தப் போட்டியின் விதி. யோசித்து யோசித்து நேரத்தைக் கரைக்க வைப்பதும் ஆட்டத்தின் ஒரு பகுதிதான்.

ஆனந்தைத் தராசில் வைத்தீர்களே, அவருடைய 2010 பட்டம் எப்படி வந்தது? சோபியாவில் டோபலோவுடன் 12 ஆட்டம். 11 முடிந்தபோது 5½–5½. கடைசி ஆட்டத்தில் ஆனந்துக்குக் கறுப்பு. டை-பிரேக் போனால் ரேபிட்டில் ஆனந்த் புலி என்பது டோபலோவுக்குத் தெரியும். அதைத் தவிர்க்க அடித்தாட நினைத்தார். 31, 32 இரண்டு நகர்த்தலிலும் அடுத்தடுத்துச் சிப்பாயை வெட்டித் தன் ராஜாவைத் திறந்துபோட்டார். ஆனந்தின் ராணி ஈ4-ல் செக் வைத்ததும் ஆட்டம் கைமாறியது, 6½–5½. டோபலோவ் டை-பிரேக்கைக் கண்டு பயந்து தவறினார், டிங் டை-பிரேக்கைத் தேடிப்போய்த் தவறினார். இரண்டு பேரையும் கறுப்புக் காயால் அந்த இடத்துக்குத் தள்ளியது சென்னைக்காரர்கள். சோபியா வெற்றி சொந்தத் திறமை என்றால் சிங்கப்பூர் எப்படி இனாம் ஆகும்?

எதிராளியின் தவறு தட்டில் வைத்து நீட்டப்படும் பரிசு இல்லை என்பதற்கும் ஆனந்தின் வாழ்க்கையிலேயே சாட்சி இருக்கிறது. அதைச் சொல்ல எனக்கு வருத்தம்தான். 2014, சோச்சி, 6ஆவது ஆட்டம், ஸ்கோர் 2½–2½. 26ஆவது நகர்த்தலில் கார்ல்சன் ராஜாவை டி2-ல் வைத்தார்; பெரும் பிழை. ஆனந்த் குதிரையால் ஈ5 சிப்பாயை வெட்டியிருந்தால் ஆட்டமே தலைகீழாகியிருக்கும். அவர் ஏ வரிசைச் சிப்பாயைத் தள்ளினார். வாய்ப்பு போயிற்று, ஆட்டமும் போயிற்று, கடைசியில் 6½–4½ என்று பட்டமும் கார்ல்சனிடமே நின்றது. உலகின் முதல்நிலை ஆட்டக்காரர் செய்த தவறு அது. அவருடைய பட்டத்தை யாரும் 'ஓசி' என்று எழுதவில்லை.

1892 ஹவானாவில் சிகோரின் ஜெயித்துக்கொண்டிருந்த ஆட்டத்தில் எச்2-வைக் காத்துநின்ற மந்திரியை எடுத்து வேறிடத்தில் வைத்து, இரண்டே நகர்த்தலில் மேட் வாங்கும் நிலைக்கு ஆளானார். பட்டம் ஸ்டெய்னிட்ஸிடமே தங்கியது. 1951-ல் பிரான்ஸ்டைன் 6ஆவது ஆட்டத்தில் நெடுநேரம் யோசித்து ராஜாவைத் தவறான கட்டத்தில் வைத்தார். டிராவாக வேண்டிய ஆட்டம் போயிற்று. முடிவு 12–12, சாம்பியனாக நீடித்தவர் போட்வின்னிக்.

கார்ல்சன் விஷயம். தான் இனி பட்டத்துக்கு ஆடப்போவதில்லை என்று 2022-ல் அவராக அறிவித்தார், யாரும் தடுக்கவில்லை. 1975-ல் சாம்பியன் ஃபிஷர் ஆட மறுத்தபோது கார்போவ் சாம்பியன் ஆனார். 1978, 1981 இரண்டிலும் கோர்ச்னாயை வென்று பட்டத்தைக் காப்பாற்றினார். குகேஷ் 2024 ஏப்ரலில் டொராண்டோவில் நடந்த கேண்டிடேட்ஸ் தகுதிப் போட்டியின் 7ஆவது சுற்றில் ஃபிரோஜாவிடம் தோற்றும் மீண்டு, 14-க்கு 9 எடுத்துத்தான் டிங்கோடு மோதும் உரிமையைப் பெற்றார். அதே ஆண்டு செப்டம்பரில் புடாபெஸ்ட் ஒலிம்பியாட்டில் இந்திய அணியின் முதல் பலகையில் 10-க்கு 9. 2025 ஜூன் 1 அன்று நார்வேயில், நெடுநேரம் ஆடும் கிளாசிக்கல் ஆட்டத்தில், கார்ல்சனையே வென்றார். தோற்ற கார்ல்சன் மேஜையைக் குத்தியதைப் பார்க்காதவர் குறைவு.

குகேஷிடம் குறையே இல்லை என்று நான் வாதாட வரவில்லை. ரேபிட், அதைவிட வேகமான பிளிட்ஸ் ஆட்டங்களில் அவர் இன்னும் முதல் வரிசையில் இல்லை. 2025 செப்டம்பரில் சமர்கண்ட் கிராண்ட் ஸ்விஸ்ஸில் அடுத்தடுத்து மூன்று ஆட்டம் தோற்றார்; ஒரு சாம்பியனுக்கு அது அழகில்லை. சிங்கப்பூர் ஆட்டங்களின் தரமும் எல்லா நாளும் உயர்ந்து இருக்கவில்லை. 12ஆவது ஆட்டத்தில் டிங் அவரை நொறுக்கியதுதான் அந்தப் போட்டியின் மிக அழகான வெற்றி என்றே நினைக்கிறேன். ஆனந்தின் கணக்கில் ஐந்து உலகப் பட்டங்கள் இருக்கின்றன, குகேஷின் கணக்கில் ஒன்று. அந்த நீளத்தில் ஒப்பிட்டு இவர் இன்னும் வெகுதூரம் போக வேண்டும் என்று எழுதியிருந்தால் உங்கள் பக்கம் நின்றிருப்பேன்.

நீங்கள் கேட்டது அதுவல்ல. ஆகவே பலகையில் மேலே சொன்ன நிலையை வையுங்கள். வெள்ளைப் பக்கம் நீங்கள் உட்காருங்கள். கறுப்புக்கு உங்களுக்குத் தெரிந்த நல்ல ஆட்டக்காரர் ஒருவரை உட்கார வையுங்கள். முதல் நகர்த்தல் ஏ4-க்கு யானை. டிராவில் முடிக்க முடிகிறதா என்று பார்த்து எழுதுங்கள். உங்கள் நகர்த்தல் குறிப்பை இதே பக்கத்தில் வெளியிடுகிறோம்.