முட்டியை ஒரு வரியில் முடித்துவிட்டீர்களே!

கேள்வி: புதுச்சேரியில் முப்பது வருஷம் பிரெஞ்சு ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். வயது 63. என் ஒரே மகன் தொழில் தொடங்கி இரண்டு முறை நொடித்துப்போனான். இரண்டு முறையும் கடனை நான்தான் அடைத்தேன். இப்போது மூன்றாவது முறை. பென்ஷன் போதாமல் டியூஷன் எடுக்கிறேன்; முட்டி ஆபரேஷனை அடுத்த வருஷத்துக்குத் தள்ளிவைத்திருக்கிறேன். வீட்டுப் பத்திரத்தை அடகு வைக்கலாமா என்று யோசனை. தங்கை திட்டுகிறாள். அந்தக் காலத்துப் பிரெஞ்சு நாடக நடிகை சாரா பெர்னார் தன் மகன் மோரிஸின் சூதாட்டக் கடன்களை அடைத்துக்கொண்டே இருந்தார். கால் போன பிறகும் மேடை ஏறினார். எனக்கு அவர்தான் முன்மாதிரி. நான் செய்வது தப்பா?

பதில்: தப்புதான். உங்கள் தங்கை சொல்வது சரி.

கடனைப் பற்றி இத்தனை வரி எழுதிய நீங்கள், முட்டியை ஓர் அரைப்புள்ளிக்குப் பின்னால் ஒதுக்கிவிட்டீர்கள். சாராவின் கதையிலும் அதையேதான் செய்திருக்கிறீர்கள். கால் போனதைச் சொன்னீர்கள், எப்படிப் போனது என்று சொல்லவில்லை. உங்களுக்குத் தெரியாததா என்ன?

1905, ரியோ டி ஜெனிரோ. 'லா டோஸ்கா' நாடகத்தின் கடைசிக் காட்சியில் கதாநாயகி கோட்டைச் சுவரிலிருந்து குதிக்க வேண்டும். சாரா குதித்தார். கீழே மெத்தை இல்லை. வலது முட்டியில் அடி. அது சரியாகவே இல்லை. அதோடு கப்பல் பயணம், ஊர் ஊராக நாடகம், மறுபடி கப்பல். 1912இல் எலிசபெத் ராணியாகச் சினிமாவில் நடித்ததும் அந்தக் காலோடுதான். 1915 பிப்ரவரியில் போர்தோ நகரில் முட்டிக்கு மேலே காலையே எடுத்தார்கள். அப்போது அவருக்கு வயது 70.

அதற்குப் பிறகும் நாற்காலியில் தூக்கிப்போகச் சொல்லி, போர்முனைச் சிப்பாய்களுக்கு நடித்துக் காட்டினார். பெரிய மனுஷிதான், மறுக்கவில்லை. ஆனால் அவரைத் தூக்க ஆள் இருந்தார்கள். உங்களை யாரம்மா தூக்குவார்கள்? மூன்றாவது கடனோடு வாசலில் நிற்கிற மகனா?

மோரிஸ் கதைக்கு வருவோம். பதினெட்டு வயதை ஒட்டிய பையனுக்காக சாரா பாரிஸில் ஆம்பிகூ தியேட்டரை எடுத்துக் கொடுத்தார். பணம் கரைந்தது. 1883இல் கடன்காரர்களுக்காகத் தன் நகைகளை ஏலம் விட்டார். மோரிஸ் திருந்தினாரா? அம்மாவிடம் இன்னும் இருக்கிறது என்று தெரிந்துகொண்டார், அவ்வளவுதான். உங்கள் மகனுக்கும் இரண்டு தடவையில் அது தெரிந்துவிட்டது.

இதே சாரா மகனுக்கு எதிராக நிற்கத் தெரியாதவரும் இல்லை. செய்யாத துரோகத்துக்காகத் தீவுச் சிறைக்கு அனுப்பப்பட்ட ராணுவ அதிகாரி ட்ரெஃபுஸ் விஷயத்தில் அம்மா ஒரு கட்சி, மகன் எதிர்க்கட்சி. ஒரு வருஷம் மோரிஸ் பேசவில்லை. சாரா இறங்கி வரவில்லை. அப்புறம்? 1923 மார்ச்சில் அம்மாவின் உயிர் அதே மகனின் கைகளில்தான் பிரிந்தது. இல்லை என்று சொல்லிவிட்டால் பிள்ளை போய்விடுவான் என்று பயப்படுகிறீர்களே, இந்தப் பக்கத்தைப் படிக்காமலா விட்டீர்கள்?

என் கட்சியைச் சொல்லிவிடுகிறேன். பிள்ளைக்குச் சோறு போடுவது, படிக்கவைப்பது, உடம்புக்கு வந்தால் பார்ப்பது, இவை பெற்றவள் கடமை. வளர்ந்த ஆண்பிள்ளையின் தொழில் கடன் அதில் சேராது. 63 வயதில் அம்மா வலியோடு நின்றுகொண்டு டியூஷன் எடுக்கிற காசை வாங்கிக்கொள்கிற மகனுக்கு இரக்கப்பட எனக்கு வரவில்லை. கோபம்தான் வருகிறது. கொடுத்துப் பழக்கிய உங்கள் மேலும்தான்.

சரி, இந்த வாரமே டாக்டரிடம் போய் ஆபரேஷனுக்குத் தேதி வாங்குங்கள். மகனைக் கூப்பிட்டு, ஆஸ்பத்திரியில் துணைக்கு இருக்க அந்த நாட்களை ஒதுக்கிவைக்கச் சொல்லுங்கள். வருவதும் வராததும் அவன் பொறுப்பு. வீட்டுப் பத்திரத்தைத் தங்கையிடம் கொடுத்துவிடுங்கள். கேட்டால், சித்தியிடம் போய்க் கேள் என்று சொல்லுங்கள். திட்டத் தெரிந்தவர், அவர் பார்த்துக்கொள்வார்.